முகத்துக்கு எவ்வளவு நேரம் வேண்டும்? டசிட்டா டீனின் திரை உருவப்படங்கள்: ஓர் அறிமுகம்

ஓர் ஓவியர் ஒருவரை எதிரில் உட்கார வைத்து வரையும்போது, பல நாள் அமர்வுகளில் கண்டதெல்லாம் கடைசியில் ஒரே முகத்துக்குள் அடங்கிவிடுகிறது. புகைப்படக் கலைஞர் ஒரு நொடியின் சிறு துணுக்கை மட்டும் எடுத்துக்கொள்கிறார். இரண்டிலும் பார்ப்பவருக்கு நேரக் கட்டுப்பாடு இல்லை. ஓவியத்தின் முன் பத்து நொடியும் நிற்கலாம், அரை நாளும் நிற்கலாம். திரைப்படத்தில் எடுக்கப்படும் உருவப்படத்தில் இந்த ஏற்பாடு மாறிவிடுகிறது. கேமராவின் முன் ஒருவர் நான்கு நிமிடம் உட்கார்ந்திருந்தால், அவரைப் பார்க்க நமக்கும் நான்கு நிமிடம் ஆகும். இந்த எளிய உண்மையிலிருந்துதான் பரிசோதனைத் திரைப்படத்தில் உருவப்படம் என்ற தனி வகை கிளைத்து வளர்ந்தது. அதைத் தம் வாழ்நாள் வேலைகளில் ஒன்றாக எடுத்துக்கொண்டவர், 1965இல் இங்கிலாந்தின் கேன்டர்பரி நகரில் பிறந்து, பின்னாளில் பெர்லினில் குடியேறிய கலைஞர் டசிட்டா டீன்.

வாழ்க்கை வரலாற்று ஆவணப்படத்தையும் திரை உருவப்படத்தையும் முதலில் பிரித்துப் பார்த்துக்கொள்வது நல்லது. ஆவணப்படம் ஒருவர் எங்கே பிறந்தார், என்ன சாதித்தார், மற்றவர்கள் அவரைப் பற்றி என்ன சொல்கிறார்கள் என்று செய்திகளை அடுக்கிக்கொண்டு போகும். பின்னணிக் குரல் ஒன்று நம்மைக் கைப்பிடித்து அழைத்துச் செல்லும். திரை உருவப்படத்தில் பெரும்பாலும் அந்தக் குரல் இருக்காது. அந்த மனிதர் யார் என்றுகூடச் சில படங்கள் சொல்வதில்லை. அவர் உட்காரும் விதம், கையை வைத்துக்கொள்ளும் விதம், பேசாமல் இருக்கும் விதம் ஆகியவற்றை நாம் கவனிக்க வேண்டும் என்று மட்டும் அது எதிர்பார்க்கிறது.

இந்த வகையின் மிக எளிய வடிவத்தை நியூயார்க்கில் அமெரிக்க ஓவியர் ஆண்டி வார்ஹோல் 1964 முதல் 1966 வரை எடுத்த சிறு படங்களில் காணலாம். அவருடைய கலைக்கூடத்துக்கு வந்தவர்களை ஒவ்வொருவராக உட்கார வைத்து, முக்காலியில் நிறுத்திய 16 மி.மீ. கேமராவை முகத்துக்கு நேராகத் திருப்பி, 100 அடி நீளமுள்ள ஒரு பிலிம் சுருள் தீரும்வரை அவர் ஓடவிட்டார். அசையாதீர்கள், முடிந்தால் கண்ணைக்கூட இமைக்காதீர்கள் என்பதுதான் அவர்களில் பலருக்குச் சொல்லப்பட்டது. இப்படி எடுத்தவற்றில் 472 படங்கள் இன்று எஞ்சியுள்ளன. படம் எடுத்த வேகமான நொடிக்கு 24 சட்டகங்கள், அதாவது 24 தனித்தனிப் படங்கள், என்ற கணக்கில் 100 அடிச் சுருள் ஏறத்தாழ இரண்டே முக்கால் நிமிடம் ஓடும். வார்ஹோல் அதே சுருளை நொடிக்கு 16 சட்டகங்கள் என்ற பழைய மௌனப்பட வேகத்தில் திரையிட்டார். ஆகவே அது நான்கு நிமிடத்துக்குச் சற்று அதிகமாக நீண்டது. இமைப்பு, எச்சில் விழுங்குவது, உதட்டோரத்தின் நடுக்கம் எல்லாம் இயல்பைவிட மெதுவாக நிகழ்கின்றன. ஒலி என்பது அறவே கிடையாது.

அந்த நான்கு நிமிடத்தில் நடப்பது இதுதான்: முதலில் உட்கார்ந்திருப்பவர் தாம் எப்படித் தெரிய வேண்டும் என்று நினைக்கிறாரோ அப்படி முகத்தை வைத்துக்கொள்கிறார். ஒரு நிமிடம் அதைக் காப்பாற்ற முடிகிறது. பிறகு கண் எரிகிறது, கழுத்து வலிக்கிறது, கேமரா நிற்பதாக இல்லை. வைத்துக்கொண்ட முகம் கொஞ்சம் கொஞ்சமாகக் கலைந்து, வேறொரு முகம் மேலே வருகிறது. இமைக்காமல் இருந்த ஒருவருடைய கண்ணிலிருந்து நீர் திரண்டு கன்னத்தில் வழியும் படமும் இவற்றில் உண்டு; அவர் எதற்காகவும் அழவில்லை, இமைக்காமல் இருந்ததற்குக் கண் தந்த பதில் அது. ஆயினும் அதைக் கண்டு நம் மனம் இளகிவிடுகிறது. ஒளியும் கோணமும் தராத ஒன்றைக் காலத்தின் நீட்சி தருகிறது என்பதற்கு இதைவிடத் தெளிவான எடுத்துக்காட்டு எனக்குத் தெரியவில்லை.

டீன் இந்த அடிப்படையை ஏற்றுக்கொண்டு, வார்ஹோல் தொடாமல் விட்ட இரண்டு கதவுகளைத் திறந்தார். ஒன்று ஒலி, மற்றொன்று, முகத்துக்கு வெளியே இருக்கும் உலகம். அவருடைய உருவப்படங்களில் இருப்பவர்கள் பெரும்பாலும் வயது முதிர்ந்த கலைஞர்கள், கவிஞர்கள். அவர்களை அவர் பேட்டி காண்பதில்லை. அவர்கள் இருக்கும் அறையில், தோட்டத்தில், வேலையிடத்தில் கேமராவை நிறுத்திவிட்டுக் காத்திருக்கிறார்.

2007 ஏப்ரல் 28 அன்று நியூயார்க்கில் அவர் எடுத்த படமொன்றைச் சற்று நெருங்கிப் பார்ப்போம். உருவப்படம், ஒலி, காலம் என்ற மூன்றும் அதில் ஒரே முடிச்சில் கட்டப்பட்டிருக்கின்றன. அதில் இருப்பவர் அமெரிக்க நடனக் கலைஞர் மெர்ஸ் கன்னிங்ஹாம். அப்போது அவருக்கு 88 வயது. அவருடைய வாழ்க்கைத் துணையும் இசையமைப்பாளருமான ஜான் கேஜ் 1992இலேயே காலமாகிவிட்டார். கேஜின் மிகப் புகழ்பெற்ற படைப்பு, 1952இல் நியூயார்க் மாநிலத்தின் வுட்ஸ்டாக்கில் முதன்முதலாக அரங்கேறிய, நான்கு நிமிடம் முப்பத்து மூன்று நொடி நீளமுள்ள ஒன்று. பியானோ கலைஞர் மேடைக்கு வந்து உட்கார்ந்தார். ஒரு சுரமும் வாசிக்கவில்லை. படைப்புக்கு மூன்று பகுதிகள் உண்டு என்பதைப் பியானோவின் மூடியைத் திறந்து மூடுவதன் மூலம் மட்டும் காட்டினார். அந்த நேரத்தில் அரங்குக்கு வெளியே வீசிய காற்றும், கூரையில் விழுந்த மழையும், கூடியிருந்தவர்களின் முணுமுணுப்பும் இசையின் இடத்தை நிரப்பின. முழுமையான மௌனம் என்று ஒன்று இல்லை என்பது கேஜின் முடிவு. அதற்கு முந்தைய ஆண்டு ஹார்வர்டு பல்கலைக்கழகத்தில், எதிரொலியே இல்லாதபடி அமைத்த ஓர் அறைக்குள் போனபோதும் தம் உடம்பின் ஒலிகள் தமக்குக் கேட்டதாக அவர் எழுதியிருக்கிறார்.

டீன் கன்னிங்ஹாமிடம் கேட்டுக்கொண்டது, கேஜின் இந்த மௌனத்துக்கு நடனமாட வேண்டும் என்பதைத்தான். கன்னிங்ஹாம் தம் நடனப் பயிற்சிக் கூடத்தில் ஒரு நாற்காலியில் அமர்ந்து, அசையாமல் இருந்தார். அவருடைய நடனக் குழுவின் நிர்வாக இயக்குநர் நேரக் கடிகாரத்தைக் கையில் வைத்துக்கொண்டு, ஒவ்வொரு பகுதி முடியும்போதும் சைகை காட்டினார். சைகை கிடைத்ததும் கன்னிங்ஹாம் தாம் அமர்ந்திருந்த நிலையைச் சற்றே மாற்றிக்கொண்டு, மறுபடி அசைவற்று அமர்ந்தார். நடனம் அவ்வளவுதான். இதை ஆறு முறை நிகழ்த்தினார். ஆறும் தனித்தனிப் படங்களாயின. அவற்றை ஒரே கூடத்தில், தனித்தனித் திரைகளில், உட்கார்ந்திருக்கும் ஒரு மனிதரின் உண்மையான அளவில் தெரியும்படி டீன் திரையிட்டார். பார்வையாளர் அவற்றுக்கு இடையே நடந்து செல்லலாம்.

இதில் ஒலி என்ன செய்கிறது என்பதைக் கவனிக்க வேண்டும். இசை இல்லை, பேச்சும் இல்லை. ஆனால் படம் ஊமையாக இல்லை. கூடத்துக்குள் வந்து சேரும் நகரத்தின் இரைச்சல் ஒலித்தடத்தில் இருக்கிறது. அசையாமல் இருப்பவர் காதால் கேட்டுக்கொண்டிருக்கிறார் என்பதை அந்த இரைச்சல்தான் நமக்குத் தெரிவிக்கிறது. வார்ஹோலின் முகங்கள் பார்க்கப்படுவதை உணர்ந்து தவித்தவை. கன்னிங்ஹாமின் முகமோ கேட்டுக்கொண்டிருக்கும் முகம். யார் இயற்றிய மௌனத்தை அவர் கேட்டுக்கொண்டிருக்கிறார் என்று தெரிந்த பிறகு, அந்த உட்காரலில் ஒரு துணையின் நினைவும் சேர்ந்துகொள்கிறது. துயரம் என்ற சொல்லைப் படம் எங்கும் உச்சரிக்கவில்லை. காலமானவர் குறித்துவைத்துப் போன கால அளவுக்குள் உயிரோடிருப்பவர் அமர்ந்திருக்கிறார், அது போதுமானதாக இருக்கிறது.

இன்னொரு நுட்பமும் இதில் உண்டு. கன்னிங்ஹாமும் கேஜும் சேர்ந்து பணியாற்றிய பல ஆண்டுகளில், நடனத்தையும் இசையையும் ஒன்றுக்கொன்று அடிமையாக்காமல் தனித்தனியே உருவாக்கினார்கள். மொத்த நேரம் எவ்வளவு என்பதை மட்டும் இருவரும் பொதுவாக வைத்துக்கொள்வார்கள். மேடையில்தான் இரண்டும் சந்திக்கும். தாளத்துக்கு அடி வைப்பது என்ற பழக்கத்துக்கு அங்கே இடமில்லை. டீனின் படத்தில் பிம்பத்துக்கும் ஒலிக்கும் இருக்கும் உறவும் இதுவே: இரண்டும் ஒரே கால அளவுக்குள் பக்கத்தில் பக்கத்தில் இருக்கின்றன, ஒன்று மற்றொன்றை விளக்குவதில்லை.

இதற்குத் தொழில்நுட்பக் காரணம் ஒன்றும் இருக்கிறது. கைபேசியில் படம் எடுத்துப் பழகியவர்கள் படமும் ஒலியும் சேர்ந்தே பதிவாகும் என்று இயல்பாக நினைப்பார்கள். டீன் பயன்படுத்துவது 16 மி.மீ., 35 மி.மீ. பிலிம். அந்தக் கேமராவுக்குள் ஓடும் பிலிம் ஒளியை மட்டுமே பதிவு செய்கிறது. காது அதற்கு இல்லை. ஒலியைத் தனிக் கருவியில் பதிவு செய்து, பிறகு எடிட்டிங் மேசையில் பிம்பத்தோடு இணைக்க வேண்டும். கடைசியாகத் தயாராகும் 16 மி.மீ. பிரதியில் பிலிமின் ஒரு விளிம்பில் துளைகள் இருக்கும், மறு விளிம்பில் மெல்லிய கோடாக ஒலித்தடம் ஓடும். அந்தக் கோட்டின் ஏற்ற இறக்கங்களை ஒளியால் படித்துத்தான் புரொஜெக்டர் ஒலி எழுப்புகிறது. ஒரு சட்டகத்துக்கு உரிய ஒலி அந்தச் சட்டகத்தின் பக்கத்தில் இருக்காது. புரொஜெக்டரில் பிம்பத்தைக் காட்டும் இடமும் ஒலியைப் படிக்கும் இடமும் வெவ்வேறு என்பதால், 26 சட்டகங்கள் முன்னால், அதாவது ஒரு நொடிக்குச் சற்று அதிகமான தூரத்தில், அது பதிந்திருக்கும்.

ஆக, பிலிமில் வேலை செய்பவருக்கு ஒவ்வொரு ஒலியும் தேர்ந்தெடுத்து வைக்க வேண்டிய ஒன்று. ஜன்னல் இருந்தால் தெரு இரைச்சல் தானாக வந்துவிடாது. எந்தத் தெருவின் இரைச்சல், எவ்வளவு உரக்க, எந்த இடத்தில் தொடங்க வேண்டும் என்று முடிவு செய்தாக வேண்டும். டீனுக்கு இதில் தொடக்கத்திலிருந்தே ஈடுபாடு உண்டு. காலடி ஓசை, கதவு சாத்தும் ஓசை போன்றவற்றை ஒலிப்பதிவுக் கூடத்தில் செயற்கையாக உண்டாக்கும் ஃபோலி கலைஞர்களையே மையமாக வைத்து 1996இல் ஒரு படைப்பை அவர் உருவாக்கினார். ஆகவே அவருடைய படங்களில் பறவையோ மணியோ கேட்கும்போது, அங்கே தற்செயலாக ஒலித்தது பதிவாகிவிட்டது என்று நாம் எடுத்துக்கொள்ளக் கூடாது. அது ஓவியர் பின்னணிக்குத் தேர்ந்தெடுக்கும் நிறத்துக்கு ஒப்பானது.

முகத்துக்கு வெளியே இருக்கும் உலகத்தைக் கொண்டு ஒருவரை வரைவது என்பதற்கு 2007இல் வெளிவந்த மைக்கேல் ஹாம்பர்கர் பற்றிய படம் சிறந்த சான்று. என் பார்வையில் டீனின் உருவப்படங்களிலேயே நுட்பமானது இதுதான். ஹாம்பர்கர் 1924இல் பெர்லினில் யூதக் குடும்பத்தில் பிறந்தவர். நாஜிகள் ஆட்சிக்கு வந்த 1933இல் சிறுவனாகக் குடும்பத்தோடு பிரிட்டனுக்குக் குடிபெயர்ந்தவர். பிறகு வாழ்நாள் முழுவதும் ஆங்கிலத்தில் கவிதை எழுதிக்கொண்டும், ஹோல்டர்லின், பால் செலான் முதலிய ஜெர்மன் மொழிக் கவிஞர்களை ஆங்கிலத்துக்குக் கொண்டுவந்துகொண்டும் இருந்தவர். இங்கிலாந்தின் சஃபோக் பகுதியில் ஒரு பழைய வீட்டில், ஆப்பிள் மரங்கள் நிறைந்த தோட்டத்தோடு வாழ்ந்தார். சுமார் அரைமணி நேரம் ஓடும் இப்படத்தில் இந்த வரலாறு எதுவும் சொல்லப்படுவதில்லை. அவர் பேசுவதெல்லாம் ஆப்பிள்களைப் பற்றித்தான்.

எந்த ரகம் எங்கிருந்து வந்தது, எது அதிக நாள் தாங்கும், எதை இப்போது யாரும் பயிரிடுவதில்லை என்று பொறுமையாகச் சொல்கிறார். பறித்துப் பரப்பிவைத்த பழங்களை முதிய கைகள் எடுத்துத் திருப்பிப் பார்க்கின்றன. கேமரா அந்தக் கைகளோடும், தோல் சுருங்கத் தொடங்கிய பழங்களோடும், புத்தகங்களோடும், ஜன்னலுக்கு வெளியே அசையும் மரங்களோடும் தங்குகிறது. ஒன்றின் பிறப்பிடத்தைக் கேட்டறிந்து, அது வேறு மண்ணில் எப்படி வேர்விட்டது என்று அக்கறையோடு பேசும் ஒருவரை நாம் அரைமணி நேரம் கேட்டுக்கொண்டிருக்கிறோம். ஊர் விட்டு ஊர் வந்தவர், ஒரு மொழியின் கவிதையை மற்றொரு மொழியில் நட்டவர் அவர் என்பதை வெளியிலிருந்து தெரிந்துகொண்டால் அந்தப் பேச்சின் கனம் கூடுகிறது. தெரியாவிட்டாலும் அந்தக் குரலின் நிதானத்திலிருந்து ஒரு மனிதர் உருவாகிவிடுகிறார். பேட்டி எடுப்பவர் நேராகக் கேள்வி கேட்டிருந்தால், பலமுறை சொல்லிப் பழகிய பதில்களே கிடைத்திருக்கும். ஹாம்பர்கர் அதே 2007ஆம் ஆண்டில் காலமானார்.

மற்றவற்றைச் சுருக்கமாகவே சொல்கிறேன். இத்தாலியச் சிற்பி மரியோ மெர்ட்ஸை 2002இல் டஸ்கனியில் எடுத்த சில நிமிடப் படத்தில், பெரிய பைன் காய் ஒன்றைக் கையில் வைத்துக்கொண்டு முதியவர் ஒருவர் மர நிழலில் உட்கார்ந்திருக்கிறார், அவ்வளவே நிகழ்கிறது. ஓவியர் சை டுவாம்ப்ளியைப் பற்றிய 2011ஆம் ஆண்டுப் படம், உலகம் அறிந்த அந்தப் பெயரைத் தலைப்பில் வைக்காமல், பெற்றோர் இட்ட எட்வின் பார்க்கர் என்ற பெயரை வைத்துக்கொண்டு, வர்ஜீனியாவின் லெக்சிங்டன் என்ற சிற்றூரில் அவருடைய சாதாரண நாளொன்றைக் காட்டுகிறது. பக்கத்தில் நடக்கும் உரையாடல்கள் பாதி காதில் விழுகின்றன, பாதி நழுவுகின்றன. ஓவியர் டேவிட் ஹாக்னி தம் ஓவியங்களுக்கு நடுவே உட்கார்ந்து சிகரெட் புகைப்பதை 2016இல் எடுத்தார். அங்கே நேரத்தை அளப்பது புகையும் சிகரெட்டின் நீளம்.

கன்னிங்ஹாமையே டீன் மறுபடியும் 2008 நவம்பரில் படமாக்கினார். கலிஃபோர்னியாவின் ரிச்மண்டில், ஃபோர்டு கார்கள் ஒரு காலத்தில் தயாரான பழைய தொழிற்சாலையின் கண்ணாடிக் கூடத்தில் அவருடைய குழு மூன்று பிற்பகல்கள் ஒத்திகை பார்த்தது. படம் 108 நிமிடம் ஓடுகிறது. வெயில் தரையில் நகர்கிறது, வெளியே நீரில் கப்பல்கள் போகின்றன, பறவைகள் வந்து அமர்கின்றன; சக்கர நாற்காலியிலிருந்து கன்னிங்ஹாம் கவனித்துக்கொண்டிருக்கிறார். இசை இல்லாத ஒத்திகை என்பதால் தரையில் பாதங்கள் படும் ஓசை தெளிவாகக் கேட்கிறது. படத்தொகுப்பு முடிவதற்குள், 2009 ஜூலையில், அவர் மறைந்துவிட்டார்.

இங்கே காலம் என்ற சொல்லின் இன்னொரு அடுக்கைப் பேசியாக வேண்டும். பிலிமில் நேரத்துக்கு நீளம் உண்டு. 16 மி.மீ. பிலிமின் ஓர் அடியில் 40 சட்டகங்கள் இருக்கும். நொடிக்கு 24 சட்டகங்கள் என்று கொண்டால், கேஜின் நான்கு நிமிடம் முப்பத்து மூன்று நொடி என்பது ஏறக்குறைய 164 அடி பிலிம். கையில் பிடித்து, வெளிச்சத்தில் தூக்கிப் பார்த்து, கத்தரித்து ஒட்டக்கூடிய பொருள் அது. 400 அடிச் சுருள் ஒன்று பதினோரு நிமிடத்தில் தீர்ந்துவிடும். பிலிமும் அதைக் கழுவும் செலவும் குறைவானவை அல்ல. ஆகவே கேமராவை எப்போது ஓடவிடுவது என்று ஒவ்வொரு முறையும் யோசித்தாக வேண்டும். சுருள் தீரும் முன் ஏதோ ஒன்று நிகழும் என்ற நம்பிக்கையோடு காத்திருக்க வேண்டும். டிஜிட்டல் கேமராவில் மணிக்கணக்கில் பதிவு செய்துவிட்டுப் பிறகு பொறுக்கிக்கொள்ளலாம். அப்போது காத்திருப்பின் தன்மையே மாறிவிடும். டீனின் படங்களில் நாம் உணரும் ஒரு விதக் கூர்மை, தீர்ந்துபோகக்கூடிய ஒன்றைக் கொண்டு எடுத்ததால் வருவது என்றே நான் கருதுகிறேன்.

பிலிமே தீர்ந்துபோகும் நிலை வந்தபோது அவர் அதை எதிர்த்துப் பேசினார். பிரான்சில் கோடாக் நிறுவனத்தின் தொழிற்சாலையில் பிலிம் தயாரிப்பு நிற்கப்போவதை அறிந்து, அந்தத் தொழிற்சாலையையே பிலிமில் பதிவு செய்து 2006இல் ஒரு படம் தந்தார். ஒருவகையில் அதுவும் உருவப்படம்தான். அதில் உட்கார்ந்திருப்பது மனிதருக்குப் பதிலாக ஒரு ஊடகம். 2011இல் லண்டனில் அவருக்கு 16 மி.மீ. பிரதிகள் எடுத்துத் தந்த ஆய்வகம் அந்த வேலையை நிறுத்தியபோது, செய்தித்தாளில் கட்டுரை எழுதிப் பொதுமக்களின் கவனத்துக்கு அதைக் கொண்டுவந்தார். அதே ஆண்டு அக்டோபரில் லண்டனின் டேட் மாடர்ன் அருங்காட்சியகத்தின் மாபெரும் கூடத்தில், பிலிமின் இயல்புகளையே பொருளாகக் கொண்டு, 13 மீட்டர் உயரத்தில் நெடுக்காக நிறுத்திய பதினோரு நிமிட மௌனப் படமொன்றைத் திரையிட்டார். பிலிம் மீதான இந்தப் பற்றைப் பழமை விருப்பம் என்று சிலர் ஒதுக்கிவிடுவதுண்டு. உருவப்படத்தைப் பொறுத்தவரை அந்தக் குற்றச்சாட்டு பொருந்தாது. வயது முதிர்ந்த ஒருவரின் முகத்தை, தானும் தேய்ந்துகொண்டே ஓடும் ஒரு பொருளில் பதிவு செய்வது படைப்பின் உள்ளடக்கத்தோடு சேர்ந்த முடிவு. புரொஜெக்டரில் ஒவ்வொரு ஓட்டத்துக்கும் பிரதியில் சிறு கீறல் விழுகிறது, தூசு படிகிறது.

புதிதாக இவ்வகைப் படங்களைப் பார்க்கத் தொடங்குபவருக்கு நடைமுறையில் எழும் சிக்கல்கள் சில உண்டு. டீனின் படங்கள் பெரும்பாலும் திரையரங்குகளுக்கோ இணையத்துக்கோ வருவதில்லை. அருங்காட்சியகங்களில் புரொஜெக்டர் வைத்துத் திரையிடப்படுகின்றன. 2018இல் லண்டனின் மூன்று பெரிய கலைக்கூடங்கள் ஒரே ஆண்டில் அவருக்குக் கண்காட்சி நடத்தியபோது, உருவப்படங்களுக்கான பகுதி தேசிய உருவப்படக் கூடத்தில் அமைந்தது. ஓவியங்களும் புகைப்படங்களும் நிறைந்த அந்த நிறுவனம் முழுக்க முழுக்கத் திரைப்படத்துக்கென்று நடத்திய முதல் கண்காட்சி அது. இப்படிப்பட்ட கூடத்தில் படம் இடைவிடாமல் சுழன்று ஓடும். நாம் நுழையும்போது ஹாம்பர்கர் ஏதோ ஓர் ஆப்பிளைப் பற்றிப் பாதி பேசி முடித்திருக்கலாம். கதையின் தொடக்கத்தைத் தவறவிட்டோம் என்ற பதற்றம் தேவையில்லை, ஏனெனில் தவறவிடக் கதை இல்லை. ஆனால் ஒரு முழுச் சுற்றும் உட்கார்ந்து பார்க்க வேண்டும். முதல் சில நிமிடங்களில் எதுவும் நடக்கவில்லையே என்ற சலிப்பு வருவது இயல்பு. வார்ஹோலின் முன் உட்கார்ந்தவர்களின் முகம் கலையத் தொடங்கியதும் அந்த நேரத்துக்குப் பிறகுதான். சலிப்பு வரும்போது பிம்பத்தை விட்டுவிட்டு ஒலியை மட்டும் சிறிது நேரம் கேட்டுப் பார்க்கலாம்: எந்த ஓசை திரையில் தெரியும் பொருளிலிருந்து வருகிறது, எது திரைக்கு வெளியிலிருந்து வருகிறது என்று பிரித்துக்கொண்டு போனால், மறுபடி முகத்துக்குத் திரும்பும்போது அந்த முகம் எதைக் கேட்டுக்கொண்டிருந்தது என்பது பிடிபடத் தொடங்கும்.